பள்ளக்காட்டுப் பிரிவில் திரும்பக் கூடாது

பிப்ரவரி 9, ஞாயிறு

வக்கீலம்மா அமுதவல்லிதான் எழுதி வைக்கச் சொன்னார். "நாள் போட்டு எழுதி வைங்க. கேசு எப்ப வருமோ தெரியாது. அப்பக் கேட்டா மறந்துட்டேன்னு நிக்கக் கூடாது" என்றார். பன்னிரண்டாவது முடித்த பிறகு இவ்வளவு எழுத எனக்கு வேலை வந்ததில்லை.

ஜனவரி 28 செவ்வாய்க்கிழமை, என் வீட்டுக்காரர் நாச்சிமுத்து ஈரோட்டில் தேங்காய் லோடு இறக்கிவிட்டுக் காலி வேனோடு வந்துகொண்டிருந்தார். எங்கள் ஊருக்குப் போகிற பாதை பைபாஸின் வலது பக்கம். பள்ளக்காட்டுப் பிரிவில் சாலையின் நடுத்தடுப்பில் ஓர் இடைவெளி இருக்கிறது. அதில் வண்டியைத் திருப்பினார். எதிர்ப்பக்கம் பைக்கில் வந்த பையன் வேன் மேல் மோதிவிட்டான். பெயர் தினகரன். பேட்டரி கடையில் வேலை. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியிலேயே போய்விட்டான். கல்யாணம் ஆகவில்லை.

பையன் வேகமாக வந்தான் என்று என் தம்பி ரத்தினம் சொல்கிறான். அதையும் எழுதிக்கொள்ளச் சொன்னான்.

இவருக்கு ஸ்டேஷன் ஜாமீன் கிடைத்துவிட்டது. லைசென்ஸை வாங்கி வைத்துக்கொண்டார்கள். வேன் இன்னும் ஸ்டேஷன் வாசலில் நிற்கிறது. முன்கண்ணாடி இல்லை.

பிப்ரவரி 11, செவ்வாய்

மூன்று வேளையும் ஒரு தம்ளர் மோர். வேறு எதுவும் இறங்கவில்லை இவருக்கு. பள்ளிக்கூடத்தில் இன்று புளிசாதமும் முட்டையும். நான் சத்துணவில் சமையல் உதவியாளர். டீச்சர்கள் என்னிடம் மெதுவாகப் பேசுகிறார்கள்.

பிப்ரவரி 16, ஞாயிறு

ரத்தினம் காலையிலேயே வந்தான். இவர் கட்டிலில் உட்கார்ந்திருந்தார். ரத்தினம் நாற்காலியை எதிரில் இழுத்துப் போட்டுக்கொண்டான்.

"மாமா, அங்க திரும்பக் கூடாதுன்னு போர்டு இருக்குதில்ல? வட்டத்துக்குள்ள வளைஞ்ச அம்பு போட்டு, குறுக்க கோடு அடிச்சது. அது உங்க கண்ணுக்குத் தெரிஞ்சுதா?"

இவர் தோள் துண்டை எடுத்து மடித்தார்.

"தெரிஞ்சிருக்காது. பேனர் கட்டி மறைச்சிருந்தாங்க. யார் ஊட்டுக் காதுகுத்துப் பேனரோ. போர்டே தெரியாதப்ப மனுசன் என்ன பண்ணுவான்? கேசே வேற மாதிரி ஆயிரும் மாமா. நீங்க ஒண்ணும் சொல்ல வேண்டாம். தெரியலைன்னு மட்டும் சொன்னாப் போதும்."

"பேனரா?" என்றார் இவர். இந்த இருபது நாளில் நான் கேட்ட முதல் சொல் அதுதான் என்று நினைக்கிறேன்.

"ஆமா மாமா. நான் பாத்தேன்."

இவர் எழுந்து போய்க் குழாயடியில் கால் கழுவினார். வெகுநேரம் கழுவினார். தொட்டித் தண்ணீர் பாதி தீர்ந்துவிட்டது. ரத்தினம் என்னைப் பார்த்து, "எல்லாம் சரியாயிரும்க்கா, நான் இருக்கேன்" என்றான். அவன் ஒருவன்தான் இப்படிச் சொல்கிறான். அவனும் இல்லாவிட்டால் எங்களுக்கு யார் இருக்கிறார்கள்?

பிப்ரவரி 18, செவ்வாய்

துவைத்த துணியைக் காயப்போடக் கொல்லைக்குப் போனால் கொடியைக் காணோம். நீல நைலான் கயிறு, போன ஆடியில்தான் வாங்கியது. காலையில் நான் பள்ளிக்கூடம் போன பிறகு ரத்தினம் வந்து அவிழ்த்துக்கொண்டு போனதாகப் பக்கத்து வீட்டு அம்மணி சொன்னாள். லோடு கட்ட வேண்டியிருந்திருக்கும். துணிகளைச் சுவர் மேல் போட்டேன்.

பிப்ரவரி 20, வியாழன்

பள்ளியில் பாதி நாள் விடுப்பு. வக்கீலம்மா, ரத்தினம், நான் மூவரும் பள்ளக்காட்டுப் பிரிவுக்குப் போனோம். பேனர் இருந்தது. பட்டுப்பாவாடை கட்டிய ஒரு சின்னப் பெண்ணின் படம். நிவேதிதாவின் காதணி விழா, வருக வருக. திரும்பக் கூடாது என்ற பலகை அதன் பின்னால் மறைந்திருந்தது. கம்பத்தோடு நீலக் கயிற்றால் இறுக்கிக் கட்டியிருந்தார்கள். கடையில் எல்லோரும் வாங்குகிற கயிறுதான் அது.

வக்கீலம்மா போனில் படம் எடுத்தார். பிறகு பேனரையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"விசேஷம் மார்ச் ரெண்டாந்தேதின்னு போட்டிருக்குது. ஜனவரி கடைசியிலயே கட்டிட்டாங்களா?"

"பெரிய குடும்பம்ங்க மேடம். ஊரெல்லாம் முன்னாடியே கட்டிருவாங்க" என்றான் ரத்தினம்.

வக்கீலம்மா என் பக்கம் திரும்பினார். "நீங்க பாத்தீங்களா, விபத்துக்கு முன்னாடி?"

"நான் இந்தப் பக்கம் அவ்வளவா வர்றதில்லைங்க" என்றேன்.

இரண்டு கிலோமீட்டர் தள்ளி மேம்பாலத்தடியில் முறைப்படி திரும்புவதற்கு இடம் விட்டிருக்கிறார்கள். எல்லோரும் அங்கே போய்த் திரும்பி வர வேண்டும் என்பதுதான் சட்டம். ஆனால் நாங்கள் அங்கே நின்ற நேரத்தில் மட்டும் எத்தனையோ வண்டிகள் அந்த இடைவெளியில் திரும்பின. ஒரு ஸ்கூல் வேன் கூடத் திரும்பியது. இதையும் எழுதி வைக்கிறேன்.

மார்ச் 7, வெள்ளி

இவர் சாயங்காலமானால் வெளியே போகிறார். எங்கே என்று கேட்டால் சும்மா நடக்கிறேன் என்கிறார். நடப்பது நல்லதுதான். கொஞ்சம் பசியாவது எடுக்கும்.

மார்ச் 15, சனி

இன்று ஓர் அம்மா வந்தார். வாசலில் நின்றுகொண்டு "நாச்சிமுத்து ஊடு இதுங்களா?" என்று கேட்டார். அறுபது வயது இருக்கும். வெயிலில் நடந்து வந்த முகம். உள்ளே வந்து உட்காரச் சொன்னேன். சுவரோரம் தரையில் உட்கார்ந்தார். தண்ணீர் கொண்டுவந்தேன், வாங்கவில்லை.

"நான் தினகரன் அம்மா. கண்ணாத்தாள்" என்றார்.

சொம்பை எங்கே வைப்பது என்று எனக்குத் தெரியவில்லை. கையிலேயே வைத்துக்கொண்டு நின்றேன். இவர் வீட்டில் இல்லை. தோட்டத்துப் பக்கம் போயிருந்தார்.

"உங்க ஊட்டுக்காரரு பொழுதோட வந்து எங்க ஊட்டுக்கு எதுத்தாப்ல நிக்கறாருங்க. எதுவும் பேசறதில்ல. புளியமரத்தடியில நிக்கறாரு, அப்புறம் போயர்றாரு. தெனமும். என்ற தம்பி அடிக்கப் போனான். நான்தான் புடிச்சு நிறுத்துனேன்."

"எனக்குத் தெரியாதுங்க."

"வர வேண்டாம்னு சொல்லுங்க. எனக்கு அவர வையறதுக்கும் மனசு வரல, மன்னிக்கறதுக்கும் வரல. அந்த வெளிச்சம் மங்குற நேரத்துல ஆரோ நிக்கறது தெரிஞ்சா, பையன்தான் வேலை முடிஞ்சு வந்து வண்டிய நிறுத்திட்டு நிக்கறானோன்னு ஒரு நிமிசம் தோணுதுங்க. அப்புறம் இல்லைன்னு தெரியுது. தெனமும் ஒருக்கா அப்படி ஆகுதுங்க எனக்கு."

நான் அழுதேன். அவர் அழவில்லை. முந்தானையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.

"உங்களுக்குப் பிள்ளைங்க?"

"இல்லைங்க."

"அப்ப," என்று ஏதோ சொல்ல வந்து நிறுத்திக்கொண்டார். பிறகு கேட்டார்: "அங்க போர்டு மறைஞ்சிருந்துச்சுன்னு சொல்லிக்கறாங்களே. நெசமாங்க?"

"ஆமாங்க" என்றேன்.

"தெரியாமத்தான் திருப்புனாருங்களா?"

"ஆமாங்க. தெரியாமத்தான்."

அவர் என் முகத்தையே பார்த்தார். பிறகு தலையை மெல்ல ஆட்டினார். "தெரிஞ்சே பண்ணியிருந்தா எனக்கு ஆறவே ஆறாதுங்க. போர்டு தெரியாமப் பண்ணுனதுன்னா, விதின்னு நெனச்சுக்கலாம். ராத்திரி கண்ண மூடலாம்."

எழுந்து போகும்போது சொம்பை வாங்கி ஒரு வாய் குடித்தார்.

சாயங்காலம் இவரிடம் அங்கே போக வேண்டாம் என்று சொன்னேன். "அந்தம்மா வந்துச்சா? என்ன கேட்டுச்சு?" என்றார். ஒன்றும் கேட்கவில்லை என்று சொல்லிவிட்டேன். ஏற்கெனவே இவருக்குத் தூக்கம் இல்லை.

மார்ச் 16, ஞாயிறு

போகவில்லை. அந்த நேரம் வந்ததும் எழுந்து செருப்பைப் போட்டார், கழற்றினார்.

ஏப்ரல் 3, வியாழன்

நல்ல மாற்றம் தெரிகிறது. இன்று இவராகவே பேசினார். கிணற்று மோட்டார் நின்றுவிட்டால் எந்தப் பொத்தானை முதலில் அழுத்த வேண்டும், கேஸ் புத்தகம் எங்கே இருக்கிறது, தென்னை வேரில் யாரை வைத்து மருந்து கட்ட வேண்டும் என்றெல்லாம் சொன்னார். "இதெல்லாம் நீங்க பாக்கறதுதானே, எனக்கெதுக்கு?" என்றேன். "தெரிஞ்சு வெச்சுக்க, புள்ள" என்றார். இரண்டு தோசை சாப்பிட்டார்.

ரத்தினத்துக்குப் போன் பண்ணிச் சொன்னேன். அவனுக்கும் சந்தோஷம்.

ஏப்ரல் 12, சனி

என்னை பைபாஸில் ஸ்கூட்டர் ஓட்ட வைத்தார். லைசென்ஸ் எடுத்து வருஷக்கணக்காகியும் நான் பள்ளிக்கூடத்தைத் தாண்டி ஓட்டியதில்லை. "எல்லாத்துக்கும் இனிமேல் நீதான் போகோணும். பயந்துட்டே இருந்தா ஆகுமா?" என்று சொல்லிப் பின்னால் உட்கார்ந்துகொண்டார். ஹெல்மெட் பட்டையை அவரே மாட்டிவிட்டார்.

ஈரோட்டுப் பக்கம் கொஞ்ச தூரம் போய்விட்டுத் திரும்பி வந்தோம். லாரிகள் பக்கத்தில் போகும்போது வண்டி ஆடுகிறது. பள்ளக்காட்டுப் பிரிவு வந்ததும் என் கை தானாக வலது இண்டிகேட்டரைப் போட்டுவிட்டது. வேனில் இவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வந்து வந்து பழகியது.

"போடாத. நேராப் போ" என்றார் பின்னாலிருந்து.

தாண்டிப் போகும்போது அவர் பேனரைப் பார்த்துவிட்டார். காதணி விழா முடிந்து ஒரு மாதத்துக்கு மேலாகிறது. "அது எப்பக் கட்டுனது?" என்று கேட்டார். "தெரியலைங்க" என்றேன். "போர்டு மறையுது. ரத்தினத்துகிட்டச் சொல்லி அவுக்கச் சொல்லு" என்றார்.

மேம்பாலத்தடியில் திரும்பக் கற்றுக்கொடுத்தார். இவ்வளவு பேசி நான் கேட்டதே இல்லை.

"தூரத்துலயே இண்டிகேட்டர் போட்டுரு. போட்டவுடனே திரும்பிராத. கண்ணாடியப் பாரு, அப்புறம் தலையத் திருப்பிப் பாரு. கண்ணாடியில தெரியாத இடம் ஒண்ணு இருக்குது. கொஞ்சங் கொஞ்சமா வலது ஓரத்துக்கு வா. இடைவெளியில வந்து நில்லு. நிக்கறப்ப முன்சக்கரம் நேரா இருக்கோணும். இப்பவே வளைச்சு வெச்சுட்டு நின்னீன்னா, பின்னால எவனாச்சும் இடிச்சா எதுத்தாப்ல வர்ற வண்டிக்கு முன்னால போய் உழுவோம்."

நின்றேன்.

"எதுத்தாப்ல நேரா வர்றவனுக்குத்தான் ரோடு. நமக்கில்ல. அவன் போற வரைக்கும் நிக்கோணும். லாரி போயிருச்சுன்னு எடுத்துராத. லாரிக்குப் பின்னால பைக்கு வரும். லாரி மறைச்சிருக்கும். அது தெரியற வரைக்கும் எடுக்கக் கூடாது."

அதோடு நிறுத்திவிட்டார். எதிரே ஒரு லாரி போனது. அதன் பின்னால் ஒன்றும் வரவில்லை. இருந்தும் அவர் "போ" என்று சொல்லவில்லை. எங்களுக்குப் பின்னால் ஒரு கார்க்காரர் ஹாரன் அடித்தார். நானாகவே எடுத்துத் திருப்பினேன். நன்றாகத்தான் திருப்பினேன். வீடு வரும் வரை அவர் என் தோளை விடவில்லை.

ஏப்ரல் 13, ஞாயிறு

ரத்தினத்திடம் பேனரை அவிழ்க்கச் சொன்னேன். "உனக்கென்ன கிறுக்காக்கா? மேடம் திரும்ப வந்து பாத்தா? கேசு முடியற வரைக்கும் அது அங்க இருக்கட்டும்" என்றான். அவன் சொல்வதும் சரிதான். இவரிடம் அவிழ்த்தாயிற்று என்று சொன்னேன்.

ஏப்ரல் 30, புதன்

கோடை விடுமுறை. பாத்திரங்களைக் கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டு வந்தோம். வெயில் தாங்கவில்லை.

மே 6, செவ்வாய்

பள்ளக்காட்டுப் பிரிவில் இன்னொரு விபத்து. தாளவாடிப் பக்கத்திலிருந்து பைக்கில் கோயிலுக்கு வந்த புருஷன் பெண்டாட்டி. இந்த ரோடு தெரியாதவர்கள். இடைவெளியைப் பார்த்ததும் திரும்பியிருக்கிறார்கள். கார் அடித்துவிட்டது. அவருக்குக் கால் போய்விட்டதாம். அந்தப் பெண் இன்னும் கண் திறக்கவில்லையாம். பால்காரர்தான் வந்து சொன்னார். இவரும் கேட்டுக்கொண்டிருந்தார்.

அது எப்போதும் விபத்து நடக்கிற இடம்தான்.

மே 8, வியாழன்

இவர் காலையில் நடந்தே போய்விட்டு மதியம் வந்தார். தோளில் அந்தப் பேனர் சுருட்டிக் கிடந்தது. கையில் நீலக் கயிறு. வெயிலில் முகம் கறுத்துப்போயிருந்தது.

கயிற்றின் ஒரு முனையை என்னிடம் நீட்டினார். அதில் என் பழைய புடவைக் கரைத்துணியால் நான் போட்டிருந்த முடிச்சு அப்படியே இருந்தது.

"இது நம்ம கொடிதானே?"

"ஆமாங்க."

"ரத்தினமா?"

"ஆமாங்க."

"உனக்குத் தெரியும்."

அவர் கேள்வியாகக் கேட்கவில்லை.

கொல்லைக்குப் போய் இரண்டு கம்பத்துக்கும் நடுவில் கயிற்றை இழுத்துக் கட்டினார். முன்பிருந்த உயரத்திலேயே, எனக்கு எட்டுகிற மாதிரி கட்டினார். பிறகு சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, "அந்தப் பொண்ணு காதுல தோடு கூட ரத்தமா இருந்துச்சாமா" என்றார். வாளியில் ஈரத்துணி கிடந்தது. நான் அதைக் கொடியில் போட்டேன். வேறு என்ன செய்ய?

மே 10, சனி

அந்தப் பெண் இறந்துவிட்டாள்.

மே 29, வியாழன்

ரத்தினம் வந்தான். வாசலோடு நிற்க வைத்துப் பேசி அனுப்பினேன். இவர் உள்ளே இருந்தார், வெளியே வரவில்லை. "நான் யாருக்காகக்கா பண்ணுனேன்?" என்று கேட்டுவிட்டுப் போனான். அவன் கேட்டதிலும் தப்பில்லை.

ஜூன் 14, சனி

இவர் காலையில் குளித்து, வெள்ளை வேட்டி கட்டி, சாமி கும்பிட்டுவிட்டுப் போனார். எங்கே என்று சொல்லவில்லை. போனை வீட்டிலேயே வைத்துவிட்டார். கைக்கடிகாரத்தையும் கழற்றி டிவி மேல் வைத்திருந்தார்.

மதியம் வரை சோறு வடிக்காமல் இருந்தேன். பிறகு தோட்டத்துக் கிணற்றுப் பக்கம் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். வேறொன்றுமில்லை, தண்ணீர் எவ்வளவு கிடக்கிறது என்று பார்க்கத்தான். வெயில் காலத்தில் பார்க்க வேண்டியதுதானே. ரயில்வே லைன் வரைக்கும் ஸ்கூட்டரில் போனேன். கேட்கீப்பரிடம் இன்றைக்கு ஏதாவது ரயில் நின்றதா என்று கேட்டேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

பொழுது சாய இவர் வந்துவிட்டார். பஸ்ஸில் வக்கீலம்மாவைப் பார்க்கப் போயிருக்கிறார்.

"எங்கன்னு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதுங்களா?" என்று கத்திவிட்டேன். திருமணமாகி இத்தனை வருஷத்தில் அவரிடம் கத்தியதில்லை.

"சொன்னா நீ அழுவ" என்றார். "குத்தத்த ஒத்துக்கப் போறேன்னு சொல்லிட்டு வந்தேன். சார்ஜ் ஷீட்டு போட்டாச்சாமா. அடுத்த மாசம் கூப்புடுவாங்களாமா."

"ஒத்துக்கிட்டா ஜெயிலுங்க."

"ஆமா."

"நான்?"

அவர் என்னைப் பார்த்தார். "உனக்குத்தான் வண்டி ஓட்டத் தெரியுதே" என்றார்.

எனக்கு அப்போதுதான் விளங்கியது. மோட்டார், கேஸ் புத்தகம், ஸ்கூட்டர், எல்லாம் இதற்காகத்தான். நான் வேறு எதற்கோ என்று பயந்துகொண்டிருந்தேன். இதை எழுதும்போது கொஞ்சம் நிம்மதியாகக் கூட இருக்கிறது. ஜெயில்தானே. ஜெயில் என்றால் உயிரோடு இருப்பார்.

ஜூன் 15, ஞாயிறு

வக்கீலம்மா போனில் பேசினார். "அபராதத்தோட போகறதுக்குக் கூட வழி இருந்துச்சுங்க. பையன் வந்த வேகம், அந்த இடைவெளியை அடைக்காம விட்டது, எல்லாத்தையும் காட்டலாம். பேனர் கதை எனக்கு வேண்டாம், அதை நான் அன்னிக்கே நம்பல. ஆனா இவரு எதையுமே பேச விட மாட்டேங்கறாரு. நீங்க சொல்லிப் பாருங்க."

சொல்லிப் பார்த்தேன். கேட்கவில்லை.

ஜூலை 17, வியாழன்

கோர்ட்.

காலையில் இட்லி சுட்டேன். நான்கு சாப்பிட்டார். பஸ்ஸில் போனோம். என் தோள் மேல் சாய்ந்து தூங்கிவிட்டார்.

கூப்பிடும்போது மதியத்துக்கு மேலாகிவிட்டது. நான் பின்பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். அந்தப் பக்கம் கண்ணாத்தாளும் அவர் தம்பியும். அவர் என்னைப் பார்த்துத் தலையசைத்தார். நானும் அசைத்தேன்.

நீதிபதி சின்ன வயது. குற்றப்பத்திரிகையைப் படித்துக் காட்டி, ஒப்புக்கொள்கிறீர்களா என்று கேட்டார். ஒப்புக்கொண்டால் தண்டனை கிடைக்கும், வக்கீலிடம் மறுபடி பேசிவிட்டு வேண்டுமானாலும் சொல்லலாம், யாராவது பயமுறுத்தினார்களா என்றும் கேட்டார்.

"யாரும் பயமுறுத்தலைங்கய்யா. நான்தானுங்க பண்ணுனேன்" என்றார் இவர். "திரும்பக் கூடாதுன்னு போர்டு நல்லாத் தெரிஞ்சுதுங்க. அன்னிக்கு ஒண்ணும் மறைக்கலைங்க. தெனமும் அங்கதான் திருப்புவேன். மேம்பாலம் வரைக்கும் போய் வர்றதுக்குச் சோம்பலுங்க. எதுத்தாப்ல லாரி போச்சு. அது போனதும் எடுத்துட்டேன். பின்னால வந்த பையன நான் பாக்கலைங்க. அவன் வேகமா வரலைங்க. அவன் ரோட்டுல அவன் வந்தானுங்க."

தட்டச்சு பண்ணுகிற பெண் கையை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தாள்.

நான் கண்ணாத்தாளைப் பார்க்கவில்லை. கீழே என் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஒரு வருஷம். அப்பீல் செய்ய நேரம் கேட்கலாம் என்று வக்கீலம்மா குனிந்து சொன்னார். வேண்டாம் என்று இவர் கையெடுத்துக் கும்பிட்டார். போலீஸ்காரர் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போகும்போது என்னைத் திரும்பிப் பார்த்து, "பாத்துப் போ, புள்ள" என்றார்.

வெளியே வராந்தாவில் கண்ணாத்தாள் எனக்காக நின்றிருந்தார். தம்பியைத் தள்ளிப் போகச் சொன்னார். திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"அன்னிக்கு ஆமாங்கன்னு சொன்னீங்களே" என்றார்.

நான் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டேன்.

"அத நம்பித்தான் இத்தன நாளு கண்ண மூடுனேன். அவரு நல்ல மனுசனாட்டத் தெரியுது. உண்மையச் சொல்லிட்டாரு. ஆனா உண்மையச் சொல்லச் சொல்லி நான் ஆருகிட்டயும் கேக்கலீங்க. இனி நான் என்ன பண்றது?"

அவர் உண்மையாகவே கேட்டார். பதில் எதிர்பார்த்து என் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். அவர் தம்பி வந்து, "வா அக்கா" என்று கூட்டிப் போய்விட்டார்.

ஜூலை 18, வெள்ளி

பள்ளிக்கூடம் போனேன். சாம்பார் சாதம், முட்டை. பிள்ளைகள் வழக்கம் போலச் சத்தம்.

ஆகஸ்ட் 3, ஞாயிறு

ஆடிப்பெருக்கு. எங்கும் போகவில்லை. ரத்தினம் பெண்டாட்டி கலந்த சாதம் கொடுத்தனுப்பினாள். திருப்பி அனுப்ப மனமில்லை. சாப்பிட்டேன்.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

கண்ணாத்தாள் வீட்டுப் பக்கம் போனேன். புளியமரத்தடி வரைக்கும்தான். கதவு சாத்தியிருந்தது. உள்ளே டிவி ஓடுகிற சத்தம் கேட்டது. கொஞ்ச நேரம் நின்றேன். இவர் இங்கே வந்து நின்றதைத்தானே அந்தம்மா வேண்டாம் என்றார் என்று ஞாபகம் வந்ததும் வண்டியை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 23, சனி

ஜெயிலில் மனு போட்டு இவரைப் பார்த்தேன். இரண்டாவது தடவை.

போகும்போது பஸ் பள்ளக்காட்டுப் பிரிவு வழியாகத்தான் போனது. தாளவாடிப் பெண் இறந்ததற்கு அப்புறம் கலெக்டர் ஆபீஸுக்குப் புகார் போய், போன வாரம் அந்த இடைவெளியைக் கான்கிரீட் கட்டைகளை வைத்து அடைத்துவிட்டார்கள். சுண்ணாம்பு கூட அடித்திருந்தார்கள். அதைப் பார்த்ததும் இவரிடம் சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன். ஆனால் பஸ் கொஞ்சம் தள்ளிப் போனதுமே பார்த்தேன். நடுத்தடுப்பில் புதிதாக ஓர் இடத்தை உடைத்திருந்தார்கள். உடைத்த சிமெண்டுத் துண்டுகள் அங்கேயே கிடந்தன. அது வளைவுக்குப் பக்கம். முன்பிருந்ததை விட மோசமான இடம். முன்னால் ஒரு குழந்தையை நிற்க வைத்துக்கொண்டு ஒருவர் பைக்கை அதில் திருப்பிக்கொண்டிருந்தார். பின்னால் அவர் பெண்டாட்டி. பலகை எதுவும் அங்கே இல்லை. எழுந்து கத்த வேண்டும் போல இருந்தது. பஸ் போய்விட்டது.

கம்பி வலைக்கு அந்தப் பக்கம் இவர் இளைத்துத் தெரிந்தார். முடி வெட்டியிருந்தார்கள். தோட்ட வேலை கொடுத்திருக்கிறார்களாம். சாப்பாடு பரவாயில்லை என்றார். தென்னைக்கு மருந்து கட்டினாயா என்று கேட்டார். கட்டினேன் என்றேன். சுற்றிலும் எல்லோரும் சத்தமாகப் பேசியதால் அவர் சொன்னது பாதிதான் கேட்டது.

பிறகு வலைக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுவந்தார்.

"அந்த இடத்த அடைக்கப் போறாங்கன்னு இங்க ஒருத்தன் பேப்பர்ல பாத்தேன்னான். நெசமா?"

"அடைச்சுட்டாங்க. கான்கிரீட்டு போட்டு. நான் வரும்போது பாத்தேன்."

"முழுசாவா?"

"முழுசாங்க."

"அப்ப இனி அங்க ஆரும் திருப்ப முடியாது."

"முடியாதுங்க" என்றேன். "எல்லாரும் மேம்பாலம் வரைக்கும் போய்த்தான் திரும்பறாங்க."

அவர் நெற்றியை வலையில் வைத்துக் கண்ணை மூடிக்கொண்டார். ஜனவரிக்குப் பிறகு அவர் முகம் அப்படித் தளர்ந்து நான் பார்க்கவில்லை. வார்டர் நேரமாகிவிட்டது என்று சொன்னார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் வலது பக்கம் ஜன்னலோரம் காலியாக இருந்தது. நான் இடது பக்கம் நடு சீட்டில் இரண்டு பேருக்கு இடையில் உட்கார்ந்துகொண்டேன். பள்ளக்காட்டுப் பிரிவுக்குக் கொஞ்சம் முன்னால், அந்த வளைவில், டிரைவர் திடீரென்று பிரேக் போட்டார். எல்லோரும் முன்னால் போய் மோதினோம். டிரைவர் தலையை வெளியே நீட்டி யாரையோ திட்டினார். பஸ்ஸில் இருந்தவர்கள் எழுந்து எட்டிப் பார்த்தார்கள். நான் மடியில் இருந்த பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, முன்சீட்டுக் கம்பியையே பார்த்துக்கொண்டிருந்தேன். கொஞ்ச நேரத்தில் பஸ் கிளம்பிவிட்டது.

நாளை துணி துவைக்க வேண்டும்.